காப்பு கட்டிய நாளில் நான் வாங்கிய கையெழுத்துகள்

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஆறு வருடமாகத் தயங்கிக்கொண்டே இருந்துவிட்டேன். நோட்டை எடுப்பேன், பிள்ளையார் சுழி போடுவேன், அதற்குக் கீழே ஒரு வரியும் வராது. மூடி அலமாரியில் வைத்துவிடுவேன். பயத்தினால் அல்ல. பயப்பட வேண்டிய காலம் எனக்குத் தாண்டிவிட்டது. வெட்கம்தான் காரணம். நான் இங்கே மலேசியாவில் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு வரை படித்தவன். எழுத்தில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். நடந்ததைச் சொல்வதில் பிழை இருக்காது. அதற்கு எங்கள் மாரியம்மன் சாட்சி.

போன மாதம் என் மகள் ஒரு தாளைக் கொண்டுவந்து சாப்பாட்டு மேசையில் வைத்தாள். மந்தின் டவுனில் ஒரு கடையில் அவளுக்கு வேலை. "அப்பா, பதினோரு மாசம் முடிஞ்சிருச்சு. இதுல கை வெச்சுக் கொடுத்துட்டு ஒரு வாரம் வீட்டுல இருந்தா, மறுபடி எடுத்துக்குவாங்களாம். எல்லாரும் வெச்சுட்டாங்க லா, நான் மட்டும்தான் பாக்கி" என்று சொல்லிக்கொண்டே பையில் பேனா தேடினாள்.

அந்தத் தாளின் முதல் வரியைப் பார்த்ததும் சோற்றுத் தட்டைத் தள்ளி வைத்தேன். அதே வரி. எங்கள் தோட்டத்தில் வருடா வருடம் என் கையால் நீட்டப்பட்ட அதே வரி. "பேனாவை உள்ள வைம்மா" என்றேன். அன்று அவளிடம் வாயால் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

ரெம்பாவிலிருந்து லிங்கிப் பக்கம் போகிற வழியில் எங்கள் தோட்டம். ஒரு காலத்தில் ரப்பர், பிறகு எண்ணெய் எடுக்கிற செம்பனை. நான் அங்கே பம்ப் பார்க்கிற வேலையில் இருந்தேன். நிரந்தர வேலை. ஆற்றோரத்தில் பம்ப் கொட்டகை, அதற்கு மேட்டில் செம்பனை நர்சரி. கறுப்புப் பைகளில் மண்ணை நிரப்பி நாற்று வைத்து வரிசை வரிசையாக அடுக்கியிருப்பார்கள். பார்த்தால் பள்ளிக்கூடப் பிள்ளைகள் கைகட்டி நிற்கிற மாதிரி இருக்கும். காலையில் ஒரு தண்ணீர், சாயங்காலம் ஒரு தண்ணீர். மழை இல்லாத நாளில் ஒரு வேளை தவறினாலும் குருத்து வாடிவிடும்.

அந்த நர்சரியில் பதினோரு பெண்கள் வேலை செய்தார்கள். மண் நிரப்புவது, பையில் முளைத்த புல்லைக் கையால் பிடுங்குவது, ரப்பர் குழாய் பிடித்துத் தண்ணீர் காட்டுவது, வளராத கன்றைக் கழித்துப் போடுவது எல்லாம் அவர்கள்தான். எல்லாருக்கும் நாள் சம்பளம். அவர்களில் மூத்தவள் என் சொந்த அக்கா. மாமா லாரி விபத்தில் தவறிப்போன வருடம் வேலைக்கு வந்தவள். அப்போது அவளுக்கு முப்பத்தாறு வயது. ஐம்பத்தேழு வயதிலும் அதே நர்சரியில் அதே குழாயைத்தான் பிடித்துக்கொண்டிருந்தாள்.

வெளிக்காட்டில் வேலை செய்த நிரந்தரப் பெண்களுக்கு உடம்பு சரியில்லை என்றால் கிளினிக் சீட்டு, சம்பளத்தோடு லீவு. அக்காவுக்குக் காய்ச்சல் வந்தால் அந்த நாள் அப்படியே போய்விடும். இருபத்தோரு வருடத்தில் அவள் காய்ச்சலோடு வேலைக்கு வந்த நாட்கள்தான் அதிகம். வீடும் அப்படித்தான். தோட்டத்து வீடு, வேலை இருக்கிற வரைக்கும்தான் இருக்கலாம். வேலை போனால் சாமானைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டும். நிரந்தரம் என்ற ஒரு வார்த்தைக்காக அக்கா ஏங்கியதற்கு இதுதான் காரணம். பெருமைக்காக அல்ல.

இனி என் சங்கதி. நான் தோட்டத்துக் கோயிலின் செயலாளராக இருந்தேன். பங்குனியில் மூன்று நாள் திருவிழா. முதல் நாள் காப்பு கட்டு, இரண்டாம் நாள் பால்குடம், மூன்றாம் நாள் தீமிதி. தோட்ட நிர்வாகம்தான் டிராக்டர் கொடுக்கும், தண்ணீர் டாங்கி கொடுக்கும், பந்தலுக்கு இரும்புக் கம்பி கொடுக்கும். எதற்கும் பெரிய கிராணியிடம்தான் போய் நிற்க வேண்டும். ஆபீஸில் பேரேடு எழுதுகிறவர் அவர். நம்ம ஆள், நெற்றியில் திருநீறு இல்லாமல் வெளியே வரமாட்டார்.

ஒரு வருடம் டிராக்டர் கேட்கப் போனபோது அவர் ஒரு கட்டுத் தாளை என்னிடம் கொடுத்தார். மலாயில் அச்சடித்த தாள். "நாள் சம்பளத்துப் பொம்பளைங்க எல்லாரும் மூணு நாள் லீவு கேட்டிருக்காங்க இல்ல? இதுல கை வெச்சு வாங்கிக் கொடுத்துருங்க. நாலாம் நாள் பெரட்டுல பேர் கூப்பிட்டுருவேன்" என்றார். பெரட்டு என்பது காலையில் ஆபீஸ் முன்னால் வரிசையாக நிற்க வைத்துப் பேர் கூப்பிடுவது. பேர் கூப்பிட்டால் வேலை உண்டு.

எங்கே வைத்து வாங்குவது? பதினோரு பேரும் ஒரே இடத்தில் சேருவது காப்பு கட்டுக்குத்தான். அதனால் கோயிலில் வைத்தே வாங்கினேன். பூசாரி மஞ்சள் கிழங்கை நூலில் முடிந்து காப்பு கட்டுவார். பெண்களுக்கு இடது கை. பக்கத்தில் நான் ஸ்டூல் போட்டு, பேர் எழுதும் நோட்டோடு உட்கார்ந்திருப்பேன். இடது கையைப் பூசாரியிடம் நீட்டியிருக்கிற பெண்ணின் வலது கையில் நான் பேனாவைக் கொடுப்பேன். அவள் தாளைப் பார்க்க மாட்டாள். அம்மனைப் பார்த்துக்கொண்டே கையெழுத்துப் போடுவாள். கையெழுத்துத் தெரியாத நாலு பேர் கட்டைவிரல் வைப்பார்கள். மஞ்சள் பூசிக் குளித்துவிட்டு வந்த கைகள். தாளெல்லாம் மஞ்சளாகிவிடும்.

அவர்களில் கடைசி வீட்டுக்காரி ஒருத்தி, வாய்த்துடுக்கு. ஒரு தடவை விரலை மையில் அழுத்திக்கொண்டே, "செயலாளரண்ணே, ஆத்தாவுக்கு நாங்க இந்த வருஷமும் வந்தோமான்னு சந்தேகமா? கைநாட்டெல்லாம் கேக்குறா?" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

மூன்றாம் வருடம் அந்தத் தாளை வீட்டில் வைத்துக் கூட்டிக் கூட்டிப் படித்தேன். பஸ்ஸிலும் ஆஸ்பத்திரியிலும் ஓட்டிய மலாய்தான் எனக்குத் தெரியும் என்றாலும் அது லீவுத் தாள் இல்லை என்று புரிந்தது. நான் என் விருப்பத்தின் பேரில் வேலையை விட்டு நின்றுகொள்கிறேன் என்று எழுதியிருந்தது. மறுநாள் கிராணியிடம் போய்க் கேட்டேன். அவர் மறைக்கவில்லை.

"ஆமா லா. வருஷம் நிரம்பக் கூடாதுன்னு மேல சொல்றாங்க. நிரம்புனா நாளைக்குப் பெர்மனன்ட் கேப்பாங்களாம். இது ஆபீஸ் ஃபைலுக்கு. யாரையாச்சும் நிறுத்தியிருக்கோமா சொல்லுங்க? அப்புறம் அந்தத் தாள் வரலன்னா டிராக்டரும் வராது, அதையும் பாத்துக்குங்க."

யாரையும் நிறுத்தியதில்லை என்பது உண்மை. அந்த மூன்று நாளும்கூட அவர்கள் வேலையை விடவில்லை. பங்குனி வெயிலில் நாற்று மூன்று நாள் தாங்குமா? முறை போட்டுக்கொண்டு வந்து தண்ணீர் காட்டினார்கள். காப்பு கட்டியவர்கள் காலில் செருப்புப் போடக் கூடாது என்பதால் பூட்ஸ் இல்லாமல், மஞ்சள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சேற்றில் நின்றார்கள். பம்ப்பைப் போட்டுவிட்டவன் நான். பால்குடம் எடுக்கிற முறையும் தண்ணீர் காட்டுகிற முறையும் ஒன்றோடு ஒன்று மோதாமல் இருக்க, இரண்டையும் கோயில் நோட்டிலேயே பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்தவனும் நான்தான். அந்த மூன்று நாள் பேர்ப் பட்டியலில் ஏறாது. அடுத்த மாதம் ஓவர்டைம் என்று சேர்த்துவிடுவார்கள். அதனால் யாரும் கேட்கவில்லை.

தெரிந்த பிறகும் நான் வாயைத் திறக்கவில்லை. ஆத்தா காரியம் நடக்க வேண்டும், டிராக்டர் வர வேண்டும், நாலாம் நாள்தான் பேர் கூப்பிட்டு விடுகிறார்களே என்று மனதுக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டேன். பத்து வருடத்துக்கு மேல் இப்படியே வாங்கிக் கொடுத்தேன்.

பிறகு தோட்டம் கைமாறியது. புது நிர்வாகம் வந்த வருடம் அக்கா மற்றப் பெண்களைக் கூட்டிப் பேசினாள். "இத்தனை வருஷம் நாம நட்ட கன்னு மரமாகி, அந்த மரம் வயசாகி, வெட்டி மறுநடவும் ஆயாச்சு. மரத்துக்கே பெர்மனன்ட் இடம் கொடுத்துருக்கான், நமக்கு இல்லயா?" என்று கேட்டாளாம். தொழிற்சங்கத்து ஆள் ஒருவர் எழுதித் தர, பதினோரு பேரும் நிரந்தரம் கேட்டு மனு கொடுத்தார்கள். பதில் வரவில்லை. ஐந்து வாரம் கழித்துத் திருவிழா வந்தது.

அந்தக் காப்பு கட்டு நாளைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. கிராணி தாள் கட்டைக் கொடுத்தபோது முகத்தைப் பார்க்காமல் கொடுத்தார். அக்காவின் முறை வந்தது. இடது கை பூசாரியிடம். நான் பேனாவை நீட்டினேன். அவள் வாங்கவில்லை.

"தம்பி, இந்த வருஷம் கை வெக்கலாமாடா? நாங்க பெர்மனன்ட் கேட்டு எழுதிக் கொடுத்திருக்கோமே. எதுக்கும் ஒரு வார்த்தை பாத்துச் சொல்லு."

அக்காவுக்குப் பின்னால் வரிசை நின்றது. உடுக்கைச் சத்தம். பந்தல் கம்பி இறக்க டிராக்டர் வந்து நின்றிருந்தது. நான் சொன்னேன்: "வழக்கமா வெக்கிற தாளுதாங்க்கா. ஆத்தா சன்னதியில வந்து யோசிக்கிறியே. வை."

தம்பி சொன்னான் என்று அவள் வைத்தாள். அக்கா வைத்ததைப் பார்த்து மற்றவர்களும் வைத்தார்கள்.

நாலாம் நாள் காலை பெரட்டுக்குப் பதினோரு பேரும் பூட்ஸ் போட்டு, தலையில் துண்டு கட்டி, சாப்பாட்டுத் தூக்கோடு நின்றார்கள். தீமிதித்த கால் இரண்டு பேருக்குக் கொப்புளம். கிராணி ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டார். வெளிக்காட்டு, பழம் வெட்டு, மருந்தடிப்பு எல்லாம் முடிந்தது. நர்சரி வரவில்லை. புத்தகத்தை மூடினார்.

"கிராணி ஐயா, எங்க பேரு?" என்றாள் அக்கா.

"நர்சரியைக் கொந்திரெக்காரனுக்குக் கொடுத்தாச்சும்மா" என்றார். அங்கே காண்ட்ராக்டர் என்பதை அப்படித்தான் சொல்வோம். "உங்கள யாரும் நிறுத்தல. நீங்களேதான் எழுதிக் கொடுத்துட்டீங்க."

"நாங்க எங்க ஐயா எழுதிக் கொடுத்தோம்?"

அவர் திரும்பி, பம்ப் சாவியை வாங்க அங்கே நின்றிருந்த என் பக்கம் ஒரு தரம் பார்த்தார். அக்காவும் திரும்பிப் பார்த்தாள். அவளுக்கு அந்த நிமிடமே எல்லாம் விளங்கிவிட்டது. கடைசி வீட்டுக்காரிதான் சொன்னாள்: "நல்லா இருங்க அண்ணே. ஆத்தா உங்களுக்கு டிராக்டரு கொடுத்தா, எங்களுக்கு ரோட்டக் கொடுத்துட்டா." அன்று யாரும் சிரிக்கவில்லை. வீட்டைக் காலி பண்ணச் சொல்லி இரண்டு வாரத்தில் கடிதமும் வந்தது.

அக்கா அழுதுகொண்டு உட்காரவில்லை. சங்கத்து ஆளோடு சிரம்பானுக்கு லேபர் ஆபீஸ் போனாள். அங்கிருந்து தொழில் உறவு இலாகாவுக்கு அனுப்பினார்கள். மலாய்க்காரப் பெண் அதிகாரி ஒருவர் உட்கார வைத்துப் பொறுமையாகக் கேட்டாராம். அவர் சொன்னதை அக்கா வந்து அப்படியே எல்லாருக்கும் சொன்னாள். நாள் சம்பளம் என்றால் உரிமை இல்லாதவர் என்று அர்த்தம் இல்லை. தாளில் என்ன பேர் போட்டிருந்தாலும், வேலை உள்ளபடி எப்படி நடந்தது என்றுதான் பார்ப்பார்கள். நியாயமான காரணம் இல்லாமல் நிறுத்தினால் மறுபடி வேலை கேட்கலாம். ஆனால் நிறுத்திய நாளிலிருந்து அறுபது நாளுக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும். தாண்டினால் அந்தக் கதவு சாத்திவிடும். "சேமநிதிக் கணக்குத் தாளைக் கொண்டுவாங்க கக், மாசா மாசம் தோட்டத்துப் பேருல விடாம கட்டியிருக்கானான்னு பாப்போம்" என்றாராம். கக் என்றால் மலாயில் அக்கா. கொண்டுபோனார்கள். ஒரு மாதம்கூட விடுபடவில்லை.

அறுபது நாளில் ஐம்பத்து மூன்றாம் நாள் மனு போய்ச் சேர்ந்தது. இலாகாவில் இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டுச் சமரசம் பேசினார்கள். நிர்வாகம் அந்த மஞ்சள் கறைத் தாள்களை மேசையில் அடுக்கி வைத்தது. ஒத்துவரவில்லை. வழக்கு தொழில் நீதிமன்றத்துக்குப் போனது. முடியும் வரை வீட்டில் இருக்க விடும்படி சங்கம் கெஞ்சி வாங்கியது. அக்கா ரெம்பாவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் பாத்திரம் கழுவப் போனாள்.

இந்த நாட்களில் அவள் என்னைத் திட்டியிருந்தால் பாரம் குறைந்திருக்கும். திட்டவில்லை. வெள்ளிக்கிழமை பூசைக்கு வந்தால் கோயில் வேலிக்கு வெளியே, ரோட்டில் நின்று கும்பிட்டுவிட்டுப் போய்விடுவாள். ஒரு வெள்ளிக்கிழமை பிரசாதத்தை எடுத்துக்கொண்டு வெளியே போனேன்.

"ஆத்தா மேல உனக்கு என்னக்கா கோவம்?"

"ஆத்தா மேல என்னடா கோவம்? உள்ள வந்தா நீ மறுபடியும் ஏதாச்சும் தாளை நீட்டிருவியோன்னு பயமா இருக்கு."

பிரசாதத்தை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

விசாரணைக்கு நாள் குறித்த பிறகு சங்கத்து ஆள் என்னிடம் வந்தார். அந்தத் தாள்கள் எங்கே, எப்படி வாங்கப்பட்டன என்று நான் சாட்சி சொன்னால்தான் வழக்கு நிற்கும் என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். அவர் போன மறுநாளே கிராணி என் வீட்டுக்கு வந்தார். வீட்டுக்கு வந்ததே அதுதான் முதல் தடவை. நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"எனக்கு இன்னும் ரெண்டு வருஷம்தான் சர்வீஸ். உங்களுக்குப் பொண்ணு படிக்குது. நீங்க போய்ப் பேசுனா உங்க பம்ப் வேலை இருக்காது, என் நாற்காலியும் இருக்காது. லீவுத் தாளுன்னு நெனச்சேன்னு மட்டும் சொல்லுங்க லா. எனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிட்டா யாருக்கும் கெடுதல் இல்ல."

அவர் கெட்டவர் அல்ல. பயந்தவர். என்னைப் போலத்தான். அவர் போனதும் நான் மனைவியைப் பார்த்தேன். அவள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். நிமிராமலே பேசினாள்.

"தெரியாதுன்னு சொன்னா, தெரியாம வாங்குன தாளு, தெரியாம வெச்ச கை, யாரு மேலயும் குத்தம் இல்லன்னு முடிஞ்சிரும். அப்புறம் அக்கா சாமானைத் தூக்க நீங்கதான் ஆள் கூட்டிட்டுப் போகணும். எந்தக் கட்டிலை முதல்ல தூக்குறதுன்னு இப்பயே யோசிச்சு வெச்சுக்குங்க."

அன்று சாயங்காலம் கோயிலைத் திறந்து, விளக்கேற்றி, தனியாக உட்கார்ந்திருந்தேன். சீட்டுப் போட்டுக் கேட்கலாமா, பூ வைத்துக் கேட்கலாமா என்று எண்ணினேன். பிறகு அதற்கே வெட்கமாகிவிட்டது. இதில் ஆத்தாவைக் கேட்க என்ன இருக்கிறது? கேட்க வேண்டிய நேரத்தில், பேனாவை நீட்டுமுன், நான் கேட்கவில்லை. கோயில் நோட்டுகளை எடுத்து ஒரு மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு எழுந்தேன்.

கோலாலம்பூர் நீதிமன்றத்தில் கற்பூரம் கொளுத்தி அடித்துச் சத்தியம் பண்ணச் சொல்வார்கள் என்று நினைத்துக்கொண்டு போனேன். ஓர் அட்டையைக் கொடுத்து உறுதிமொழி வாசிக்கச் சொன்னார்கள், அவ்வளவுதான். நான் மனதுக்குள் ஆத்தா பேரைச் சொல்லிக்கொண்டேன். தமிழில் பேசினால் மலாயில் சொல்ல ஓர் அம்மா இருந்தார். பின்னால் நாற்காலிகளில் பதினோரு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். அக்கா கல்யாணத்துக்குப் போகிற சேலை உடுத்தியிருந்தாள்.

நிர்வாகத்தின் வக்கீல் கேட்டார்: "இந்தத் தாள்களில் இவர்கள் தாங்களாகவே கையெழுத்துப் போட்டார்களா?"

"போட்டாங்க ஐயா. நான்தான் வாங்குனேன்."

"இது வேலையை விடுகிற கடிதம் என்று இவர்களுக்குத் தெரியுமா?"

"தெரியாது. அவங்ககிட்ட யாரும் படிச்சுக் காட்டல. திருவிழா லீவுன்னு நெனச்சாங்க."

"உங்களுக்கு?"

அந்த இடத்தில் கிராணியின் முகம் வந்து போனது. மகளின் முகமும்.

"எனக்குத் தெரியும். மூணாவது வருஷத்துல இருந்து தெரியும்."

"அப்படியென்றால் உங்கள் சொந்த அக்காவையே ஏமாற்றியிருக்கிறீர்கள்?"

மொழிபெயர்க்கிற அம்மா அந்தக் கேள்வியைக் குரலைத் தாழ்த்திச் சொன்னார். நான் "ஆமாங்க" என்றேன்.

நீதிமன்றத் தலைவர் தாள்களைப் புரட்டிக்கொண்டிருந்தார். எல்லா வருடத்துத் தாளிலும் ஓரத்தில் மஞ்சளாக இருக்கிறதே, இது என்ன கறை என்று அவரே கேட்டார். சொன்னேன். மஞ்சள் பூசிய கை, இடது கையில் காப்பு, வலது கையில் நான் கொடுத்த பேனா. காப்பு கட்டியவர்கள் அவிழ்க்கும் வரை தோட்டத்து எல்லையைத் தாண்டக் கூடாது என்பது எங்கள் வழக்கம் என்றும் சொன்னேன். "அப்படியானால் அந்த மூன்று நாளும் இவர்கள் தோட்டத்தில்தான் இருந்தார்களா? என்ன செய்தார்கள்?" என்றார். நான் பையிலிருந்து நோட்டுகளை எடுத்துக் கொடுத்தேன். ஒரு பக்கம் பால்குடம், எதிர்ப் பக்கம் தண்ணீர் முறை. வருடா வருடம், பேர் பேராக, என் கோணல் எழுத்தில். பம்ப் போட்டது யார் என்று கேட்டார். நான்தான் என்றேன்.

தீர்ப்பு வர மாதங்கள் ஆயின. அதற்குள் என்னைப் பம்ப்பிலிருந்து எடுத்து, வெளிக்காட்டில் தண்ணீர் வடிகிற கான் வெட்டப் போட்டார்கள். வேலையை விட்டு எடுக்கவில்லை, அந்தப் பயம் வீணாகிவிட்டது. கோயில் செயலாளர் பொறுப்பை நானே விட்டுக் கொடுத்தேன்.

தீர்ப்பில் இருந்ததைச் சங்கத்து ஆள் எங்களுக்குத் தமிழில் சொன்னார். அந்தத் தாள்கள் பேருக்கு எழுதப்பட்டவை. வேலை ஒரு நாளும் அறுந்ததில்லை. முதல் நாளிலிருந்தே தொடர்ச்சியான சர்வீஸ். பதினோரு பேரும் நிரந்தரத் தொழிலாளர்களாக வேலைக்குத் திரும்ப வேண்டும். வழக்கு ஓடிய இரண்டு சொச்ச வருடத்தில் ஒருத்தி தவறிப்போயிருந்தாள். கையெழுத்துத் தெரியாமல் கட்டைவிரல் வைத்தவர்களில் ஒருத்தி. இரண்டு பேர் பிள்ளைகளோடு சிரம்பானுக்குப் போய்விட்டார்கள். திரும்பி வந்தது எட்டுப் பேர். அறுபதில் ஓய்வு கொடுத்துவிடுவார்கள், அக்காவுக்கு அது நிறைய ஏழு மாதம் இருந்தது.

ஆபீஸ் கடிதம் கைக்கு வந்த அன்று சாயங்காலம் அக்கா என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். "வாடா, கோயிலைத் திறக்கச் சொல்லு" என்றாள். மற்றவர்களும் வந்தார்கள். இரண்டு சொச்ச வருடம் கழித்து அக்கா வேலியைத் தாண்டி உள்ளே வந்தாள். நான் ஸ்டூல் போட்டு உட்காருகிற அதே இடத்தில் என்னை நிற்க வைத்து, கடிதத்தைக் கொடுத்தாள்.

"படி. மலாயில ஒரு தரம், தமிழ்ல ஒரு தரம். ஒரு எழுத்தையும் விட்டுறாத."

படித்தேன். அவள் வேலையில் சேர்ந்த முதல் தேதி அதில் இருந்தது. மாமா தவறிய வருடம். நிரந்தரத் தொழிலாளி என்று இருந்தது. தமிழில் இரண்டு தரம் தொடங்க வேண்டியிருந்தது. முடித்ததும் கடைசி வீட்டுக்காரி, "எங்க அண்ணே கை வெக்கணும்?" என்றாள். அக்கா சிரித்துவிட்டாள். பிறகுதான் அழுதாள். நான் அவள் காலில் விழுந்தேன். எழுப்பிவிட்டுத் தலையில் கை வைத்தாள், மன்னித்தேன் என்று சொல்லவில்லை. இன்றுவரை சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

அந்த ஏழு மாதத்தில் ஒரு நாள் காலை பெரட்டில் அக்காவைக் காணவில்லை. பதறிப் போய்ப் பார்த்தால் போர்வையைப் போர்த்திக்கொண்டு, கையில் சுடச்சுடக் கஞ்சியோடு கட்டிலில் உட்கார்ந்திருக்கிறாள்.

"என்னக்கா?"

"காய்ச்சல்டா. கிளினிக்குல சீட்டு கொடுத்துருக்கான். சம்பளத்தோட." சொல்லிவிட்டு வாசலைப் பார்த்தாள். "இந்த நேரத்துல வீட்டுக்குள்ள வெயில் எங்க விழும்னு இன்னிக்குத்தான் பாக்குறேன்."

கிராணி ஓய்வு பெற்றுப் போகுமுன் கோயிலுக்கு வந்தார். எனக்குத் திருநீறு பூசிவிட்டு, "உங்களுக்கு வாய் வந்துச்சு, எனக்கு வரல" என்று மட்டும் சொல்லிப் போனார்.

என் மகள் அந்தத் தாளில் கை வைக்கவில்லை. படித்துப் புரிந்துகொள்ள நாள் வேண்டும் என்று கடையில் சொல்லியிருக்கிறாள். என்ன ஆகும் என்று தெரியாது. அறுபது நாள் என்பதை அவளுக்கு மனப்பாடமாகச் சொல்லிவைத்திருக்கிறேன்.

படிக்கிறவர்களிடம் ஒன்றைக் கேட்டுக்கொள்கிறேன். நாள் சம்பளத்துக்குப் போகிற யாராவது உங்கள் வீட்டில், பக்கத்தில் இருந்தால் இதைப் படித்துக் காட்டுங்கள். ஆனால் மாற்றாமல் சொல்லுங்கள். கிராணியை இன்னும் கெட்டவராக்க வேண்டாம். நீதிமன்றத்தில் உண்மை பேசியவன் என்று என்னை நல்லவனாக்கவும் வேண்டாம். அக்கா பேனாவை வாங்காமல் நின்றாள், ஒரு வார்த்தை பாத்துச் சொல்லு என்று கேட்டாள், தம்பி வை என்றான். அந்த இடத்தைக் கூச்சப்பட்டு யாரும் விட்டுவிடாதீர்கள். அதுவும் சேர்ந்தே போகட்டும்.